காய்ச்சல் இல்லாத உடம்பு

சகினாவின் சுட்டுவிரலில் பட்ட வெட்டு பதினோரு நாளாகியும் ஆறவில்லை. அது சிவக்கவும் இல்லை, வீங்கவும் இல்லை என்பதுதான் நீரஜாவை அதிகம் உறுத்தியது.

"வலிக்கவே இல்லக்கா," என்றாள் சகினா. "படி ஏறினாத்தான் மூச்சு வாங்குது."

"காய்ச்சல்?"

"சுத்தமா இல்ல."

1996 நவம்பர், ஞாயிற்றுக்கிழமை பிற்பகல். அடையாறு காந்தி நகரில், பழைய மாடிவீடு ஒன்றில் இயங்கிய அந்த ஆய்வுக்கூடத்தில் அங்கே வேலை பார்க்கும் அவர்கள் இருவரைத் தவிர யாருமில்லை. மழை ஜன்னல் தகரத்தை விடாமல் தட்டிக்கொண்டிருக்க, கிருமி வளர்க்கும் பெட்டி மூலையில் முனக, ஸ்பிரிட் வாசனைக்கு அடியிலிருந்து ஈரச் சுவரின் நெடி மெல்ல ஏறிவந்தது. அந்தப் பெட்டிக்குள்தான் கூடத்தின் தலைவர் ராஜகோபாலன் சார் நான்கு வருடம் பாடுபட்டு உண்டாக்கிய கிருமி இருந்தது. உலகத்து உயிர்களின் மூலக்கூறுகள் எந்தப் பக்கம் திரும்பியிருக்கின்றனவோ, அதற்கு நேர் எதிர்ப்பக்கம் திரும்பிய மூலக்கூறுகளால் ஆனது. கண்ணாடியில் தெரியும் பிம்பத்துக்கு உயிர் வந்ததுபோல. வலது கையின் உறை இடது கையில் சேராது. அப்படித்தான், நம் மருந்துகள் அதனிடம் பலிக்கவில்லை. அதைத் தின்னும் உயிரும் இல்லை. தனியாகத் தயாரித்துக் கொடுக்கும் சர்க்கரை இல்லாவிட்டால் அது செத்துவிடும் என்று சார் அறிக்கையில் எழுதியிருந்தார்.

சகினாவின் விரலைக் கிழித்தது அது வளர்ந்த கண்ணாடித் தட்டு.

நீரஜா ஒரு சொட்டு ரத்தம் எடுத்து நுண்ணோக்கியில் வைத்துக் குனிந்தாள். சிவப்பு அணுக்களுக்கு நடுவே, குச்சி குச்சியாக, எண்ண முடியாத அளவுக்கு அவை நெளிந்துகொண்டிருந்தன. வெள்ளையணு ஒன்று நகர்ந்து வந்தது. ஒரு குச்சியின்மேல் பட்டது. நெரிசலான பேருந்தில் யாரையோ உரசியதுபோல விலகிப் போயிற்று.

உடம்புக்கு அது தெரியவே இல்லை.

"என்னக்கா தெரியுது?"

"ஒண்ணுமில்லை. ஆஸ்பத்திரிக்குக் கிளம்பு."

பக்கத்து அறைக்குப் போய் ராஜகோபாலனுக்கு போன் செய்தாள். "சார், அது சகினா ரத்தத்துல இருக்கு."

"சான்ஸே இல்லை. சர்க்கரை இல்லாம எப்படி வளரும்?"

"வளர்ந்திருக்கு சார். காய்ச்சல்கூட இல்லாம."

மறுமுனையில் மூச்சு இரைத்தது.

"நேக்கும் காய்ச்சல் இல்லை," என்றார். "மூணு நாளா மாடி ஏற முடியலை."

ரிசீவரை வைத்தாள்.

சகினாவைத் தோளில் தாங்கிக்கொண்டு படியிறங்கினாள். அவள் உடம்பு குளிர்ந்திருந்தது. வாசலில் முழங்கால் தண்ணீர். சாக்கடை மூடியைத் தள்ளிக்கொண்டு பொங்கி, தெருவோடு கலந்து ஓடியது. தள்ளிக்கொண்டு வந்த ஆட்டோவை நிறுத்திவிட்டு, அதன் ஓட்டுநர் தலையைத் துடைத்தபடி மேலே பார்த்தார்.

"இன்னாம்மா இது? இம்மாம் மழையில மரம்லாம் காஞ்சி கீது?"

நீரஜா நிமிர்ந்தாள்.

ஆய்வுக்கூடத்துக் கழுவுநீர் போய்ச் சேரும் அந்தச் சாக்கடை ஓரமாகவே. வேம்பு. புங்கை. மதிலுக்கு மேல் தென்னை. எல்லாம் பழுப்பாக. இலைகள் கருகித் தொங்கின. நுனியிலிருந்து மழை சொட்டியது.

அந்தப் பழுப்பு தெருக்கோடிவரை போய், வளைந்து மேலும் சென்றது. அதற்கப்பால் ஆறு. இரு கரையும் பழுப்பு. நடுவே வெள்ளம், கரைபுரண்டு, கடலுக்குப் போய்க்கொண்டிருந்தது.